விண்ட் டனலில் மாடல் விமானம்: ஃபேனைப் போடுவதற்கு முன்னால்

காலேஜ் லேபில் இருக்கும் சின்ன விண்ட் டனலில், அதாவது ஃபேனால் காற்றை ஓடவிட்டுச் சோதிக்கும் கூண்டில், முதல் தடவை மாடல் விமானம் வைக்கப் போகிறீர்களா? மாடல் நிற்கும் பகுதியான டெஸ்ட் செக்ஷன் 60-க்கு 60 செ.மீ., காற்று வினாடிக்கு 30 மீட்டர், விமானம் செஸ்னா 172 என்ற சின்ன ஒற்றை எஞ்சின் விமானம் என்று வைத்துக்கொண்டு சொல்கிறேன்.

நிஜ செஸ்னாவின் இறக்கை நுனிக்கு நுனி 11 மீட்டர். மாடலின் இறக்கை டனல் அகலத்தில் 80 சதவீதத்தைத் தாண்டினால் பக்கச் சுவர்கள் அளவைக் கெடுத்துவிடும், அதனால் 24-ல் ஒரு பங்காகச் செய்யுங்கள், 46 செ.மீ. வரும். முன்னாலிருந்து பார்க்கும்போது மாடல் மறைக்கிற பரப்பு டெஸ்ட் செக்ஷனில் 5 சதவீதத்துக்குள் இருக்கட்டும்.

இப்போது ரெனால்ட்ஸ் எண், அதாவது வேகத்தையும் அளவையும் வைத்து, காற்று சீராக ஓடுமா கலங்கி ஓடுமா என்று காட்டும் எண். இந்த மாடலின் இறக்கை அகலம் (முன் விளிம்பிலிருந்து பின் விளிம்பு வரை) சுமார் 6 செ.மீ.தான், ஆகவே கிடைப்பது ஒரு லட்சத்துச் சொச்சம். நிஜ விமானம் பறக்கும்போது அது 60 லட்சத்தை ஒட்டி இருக்கும். வேகத்தைக் கூட்டிச் சரிசெய்யலாமே என்றால், நிஜ விமானம் பறக்கும் வேகத்தைப் போல 24 மடங்கு வேண்டும், அதாவது ஒலியைப் போல நான்கு மடங்கு வேகம், அப்போது அது செஸ்னா சோதனையே இல்லை. அதனால் இறக்கையின் முன் விளிம்புக்குச் சற்றுப் பின்னால், அகலத்தில் 5 முதல் 10 சதவீதத்துக்குள், மெல்லிய ஜிக்ஜாக் டேப் ஒட்டிக் காற்றை அங்கேயே கலக்கிவிடுவார்கள். முழுத் தீர்வு இல்லை, ஆனால் இது இல்லாமல் எடுத்த இழுவிசைக் கணக்கை (காற்று மாடலைப் பின்னால் இழுக்கும் விசை) நான் நம்பமாட்டேன். 3டி பிரிண்ட் மாடல் என்றால் அதற்கு முன்பே உப்புத்தாளால் வரிகள் போகும்வரை தேய்த்துவிடுங்கள். புரொப்பெல்லர் வேண்டாம், கழற்றிவிடுங்கள்.

எல்லோரும் கோட்டைவிடுகிற இடம் மாடலைத் தாங்கும் கம்பி. சின்னதாக ஒரு கணக்கு: 30 மீட்டர் வேகத்தில், நம்மூர் வெயில் நேரக் காற்றில், இந்த மாடலின் இழுவிசை அரை நியூட்டனுக்குச் சற்று மேலே, அதாவது ஏறக்குறைய 60 கிராம் எடை. அதைத் தாங்குகிற 12 மி.மீ. உருண்டைக் கம்பி 15 செ.மீ. நீளத்துக்குக் காற்றில் நின்றால் அது மட்டுமே சுமார் 1 நியூட்டன் இழுக்கும். விமானத்தைவிடக் கம்பி அதிகம்! கம்பியைச் சுற்றி, அதைத் தொடாமல், மீன் வடிவத்தில் ஒரு உறை வைத்துத் தரையோடு பொருத்துங்கள், மிச்சம் வெளியே தெரிகிற கம்பியைத் தனியாக ஓட்டி அளந்து கழியுங்கள். ரைட் சகோதரர்கள் 1901-ல் பழைய ஹாக்சா பிளேடையும் சைக்கிள் ஸ்போக்கையும் வைத்தே பேலன்ஸ், அதாவது காற்றின் விசையை அளக்கும் கருவி, செய்து வேலையை முடித்தார்கள், அதனால் லேப் பேலன்ஸ் பழசு என்று சொல்லித் தப்பிக்க முடியாது. 100, 200 கிராம் எடைகளைத் தொங்கவிட்டு முதலில் அதைச் சரிபாருங்கள்.

அப்புறம் ஸ்குரூ. படிக்கும் காலத்தில் ஒரு ஸ்குரூவைக் கையால் மட்டும் திருகிவிட்டு ஃபேனைப் போட்டேன். மாடல் கழன்று பின்னாலிருந்த வலையில் போய் அப்பிக்கொண்டது, வலது இறக்கை போச்சு. இறுக்கியபின் மார்க்கரால் ஒரு கோடு இழுத்துவிடுங்கள், ஸ்குரூ திரும்பினால் கோடு உடைந்து தெரியும்.

ஓட்டுவது எளிது. காற்று இல்லாமல் ஒவ்வொரு கோணத்திலும் ஒருமுறை ரீடிங் எடுங்கள், ஏனென்றால் மூக்கு ஏறும்போது மாடலின் சொந்த எடையே பேலன்ஸில் வேறு மாதிரி விழும். பிறகு காற்றோடு, மைனஸ் 4 டிகிரியிலிருந்து இரண்டிரண்டாக ஏற்றுங்கள், 10-க்கு மேல் ஒவ்வொன்றாக. கோணத்தை மாற்றியதும் அவசரப்படாமல் இருபது வினாடி பொறுங்கள். ஸ்டால், அதாவது காற்று இறக்கையின் மேற்பரப்பை விட்டுப் பிரிந்து தூக்குவிசை விழும் கோணம், தாண்டியதும் அதே கோணங்களில் இறங்கி வாருங்கள். ஸ்டாலை ஒட்டி, ஏறும்போது வந்த எண் இறங்கும்போது வராமல் போகலாம், அது உங்கள் தப்பு இல்லை, பிரிந்த காற்று இன்னும் குறைந்த கோணத்துக்கு இறங்கினால்தான் திரும்ப ஒட்டும். வெப்பநிலையையும் நடுநடுவே குறியுங்கள். 32 டிகிரியில் காற்றின் அடர்த்தி கன மீட்டருக்கு 1.16 கிலோதான், பாடப்புத்தகத்து 1.225-ஐப் போட்டால் 5 சதவீதம் அப்போதே போய்விடும்.

எண்களெல்லாம் எடுத்து முடித்த பிறகு, முன்னால் இல்லை, தையல் நூலை 2 செ.மீ. துண்டுகளாக வெட்டி இறக்கை மேல் வரிசையாக ஒட்டி இன்னொரு ஓட்டம் விடுங்கள். நூலே இழுவிசையைக் கூட்டும் என்பதால்தான் இது கடைசி. கோணம் ஏற ஏற, உடலை ஒட்டிய பின்விளிம்பு நூல்கள் முதலில் துடிக்கும், பிறகு முன்பக்கமாகத் திரும்பி நிற்கும். அந்த நேரத்தில் நுனியில் இருக்கும் நூல்கள் இன்னும் நேராகவே படுத்திருந்தால், செஸ்னாவின் இறக்கை முறுக்கு (நுனி, உடலருகே இருப்பதைவிடச் சற்றுக் குறைந்த கோணத்தில் இருப்பது) மாடலிலும் வந்திருக்கிறது என்பதற்கு அது நல்ல அறிகுறி.