ஆரக்கிள் உரிமம் வாங்கும் முன் கோர்களை எண்ணுங்கள்

விலைப்பட்டியலைப் பிறகு பார்க்கலாம். முதலில் சர்வரின் கோர்களை, அதாவது சிப்புக்குள் இருக்கும் கணக்கிடும் அலகுகளை, எண்ணுங்கள். ஆரக்கிள் டேட்டாபேஸ் என்டர்பிரைஸ் பதிப்புக்கு, இன்டெல் சிப் என்றால் கோர் ஒன்றுக்கு 0.5 என்பது கணக்கு. ஆக, 16 கோருக்கு 8 பிராசசர் உரிமம். "எங்களிடம் 40 பேர்தானே, ஆள்கணக்கில் வாங்கிவிடலாம்" என்று ஒருமுறை நானும் துள்ளினேன். ஒரு பிராசசர் உரிமத்துக்கு ஈடாகக் குறைந்தது 25 பேருக்கு வாங்க வேண்டும் என்பது விதி. அந்த 8-ஐ 25-ஆல் பெருக்கினால், 40 பேருக்கு 200 உரிமம்! நல்லவேளை, கையெழுத்துக்கு முன்பே கண்ணில் பட்டது. ஆண்டுதோறும் உரிம விலையில் 22 சதவீத ஆதரவுக் கட்டணத்தையும் பட்ஜெட்டில் எழுதுங்கள்.

உங்கள் மென்பொருளுக்குள் டேட்டாபேஸைப் பொதித்து விற்பவரா? ஆரக்கிளின் கூட்டாளர் திட்டத்தில் சேர்ந்து பொதிந்த உரிமம் கேளுங்கள். மலிவுதான், ஆனால் வாடிக்கையாளர் உங்கள் மென்பொருள் வழியாக மட்டுமே டேட்டாபேஸைத் தொடலாம். அந்த நிபந்தனையை அவருக்கும் முன்கூட்டியே காட்டிவிடுங்கள்.