யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு பகல்: கொழும்பில் ஓவியர் ஹரி பீரிஸின் வீட்டைப் பார்ப்பது எப்படி?

யாழ்ப்பாணத்துச் சனம் கொழும்புக்குப் போகக் காரணம் தேடத் தேவையில்லை. விசா அலுவல், எம்பசி நேர்முகம், கட்டுநாயக்காவில் யாரையாவது ஏற்றிவிடுவது, இறக்கி எடுப்பது என்று ஏதாவது ஒன்று வந்துகொண்டே இருக்கும். அலுவல் பெரும்பாலும் காலையிலேயே முடிந்துவிடும். திரும்பும் பஸ் இரவுதான். நடுவில் கிடைக்கிற பகல் வெள்ளவத்தைப் புடவைக்கடைகளிலும் சொந்தக்காரர் பிளாட்டின் செற்றியிலும் கரைந்துபோகும். அந்தப் பகலை ஒரு ஓவியரின் வீட்டுக்குக் கொடுத்துப் பாருங்கள். பள்ளிக்கூடத்துச் சித்திரப் பாடத்தோடு ஓவியத்தை விட்டுவிட்டவர்களை மனதில் வைத்தே எழுதுகிறேன். விடயம் தெரிந்தவர்கள் நேரே ஐந்தாம் படிக்குப் போகலாம்.

எந்த வீடு?

கொழும்பு 7, கறுவாத்தோட்டத்தில் பார்ன்ஸ் பிளேஸ் என்ற தெருவில் இருக்கிறது. ஹரி பீரிஸ் (1904–1988) வாழ்ந்து வரைந்த ஓட்டு வீடு. பாரிஸில் ஓவியம் படித்து, தாகூரின் சாந்திநிகேதனில் சில காலம் இருந்து, பிறகு ஊர் திரும்பியவர். ஆட்களின் உருவப்படம் வரைவதில் பேர்போனவர். ஆனால் இந்த வீட்டுக்குப் போவதற்கு அவருடைய படங்கள் மட்டும் காரணமல்ல. தன் நண்பர்களின் படங்களையும் சேர்த்துச் சேர்த்து வைத்தார். 1974 இல் சபுமல் பவுண்டேசன் என்ற அமைப்பை உருவாக்கி, வீட்டையும் படங்களையும் அதன் பொறுப்பில் விட்டார். இன்றைக்கும் பழைய தளபாடங்களுக்கு நடுவே, சுவர் முழுக்கப் படங்களோடு, அது வீடாகவே இருக்கிறது.

அந்த நண்பர்கள் யாரென்று கொஞ்சம் தெரிந்துகொண்டு போனால் நல்லது. 1943 ஓகஸ்ற்றில் லயனல் வென்ட் என்ற புகைப்படக் கலைஞரின் வீட்டில் கூடித் தொடங்கியது ‘43 குழு’. ஜோர்ஜ் கீற், ஜஸ்ரின் தெரணியகல, ஐவன் பீரிஸ், ரிச்சர்ட் கேப்ரியல், ஜோர்ஜ் கிளாசன், மஞ்சுசிறீ, கேலிச்சித்திரம் வரைந்த ஒப்ரி கொலெற் எல்லோரும் அதில் இருந்தார்கள். ஆங்கிலேயர் காலத்துக் கலைச் சங்கங்கள் விரும்பிய, பார்த்ததை அப்படியே பதிக்கும் பாணி இவர்களுக்குப் போதவில்லை. ஐரோப்பாவில் நடந்த புது முயற்சிகளையும் எங்கள் தீவின் விகாரைச் சுவரோவியங்களையும் ஒரே நேரத்தில் பார்த்தவர்கள். அந்த ஆண்டு நவம்பரிலேயே முதல் கண்காட்சியையும் வைத்துவிட்டார்கள்.

இதற்கு ஐந்து வருடம் முந்தி, 1938 இல், யாழ்ப்பாணத்தில் எஸ். ஆர். கனகசபை ‘வின்சர் ஆர்ட் கிளப்’ தொடங்கியிருந்தார். பின்னால் குருநகரில் பிறந்த அ. மாற்கு மாஸ்ரர் ஒரு தலைமுறைப் பிள்ளைகளுக்கு ஓவியம் சொல்லிக் கொடுத்தார். எங்களிடம் ஓவியர்கள் இருந்தார்கள். படங்கள் ஒரே சுவரில் ஐம்பது வருடம் தொங்க விடாத காலம்தான் வாய்த்தது. கறுவாத்தோட்டத்து வீடு ஒன்று அசையாமல் இருந்ததால் என்னவெல்லாம் தப்பியிருக்கிறது என்று பார்க்கும்போது இந்த நினைப்பு வராமல் போகாது.

படி 1: உங்கள் விறாந்தையில் தொடங்குங்கள்

போவதற்கு முதல் கிழமை, வீட்டில் ஒரு ஜன்னலைத் தெரிவுசெய்யுங்கள். பழைய நாற்சார் வீடென்றால் முற்றத்தைப் பார்த்த தூண் ஒன்று போதும். காலை எட்டு மணிக்கு ஒரு கொப்பித் தாளில் அந்த ஜன்னலின் வெளிச்சம் நிலத்தில் எங்கே விழுகிறது என்று மட்டும் பென்சிலால் கோடு போடுங்கள். பின்னேரம் நாலு மணிக்கு அதே இடத்தில் இருந்து இன்னொரு கோடு. அழகாக வரையத் தேவையில்லை. நிழல் எவ்வளவு தூரம் நகர்ந்திருக்கிறது, சுவரின் வெள்ளை எப்போது மஞ்சளாகிறது, முற்றத்து மணலில் பட்டுத் தெறித்த வெளிச்சம் கூரையின் உட்பக்கத்தை எப்படிக் கீழிருந்து துலக்குகிறது என்று கண்ணுக்குப் பிடிபட்டால் போதும். ஒரு ஓவியர் நாள் முழுக்கச் செய்கிற வேலையில் பாதி இதுதான்.

நல்லூர்ப் பக்கம் இருப்பவர்கள் ஒரு பின்னேரம் பருத்தித்துறை வீதியில் மந்திரிமனைக்கு முன்னால் போய் நின்று இதே பயிற்சியைச் செய்யலாம். சிதைந்த கட்டடம் என்பதால் உள்ளே ஏறாமல் வெளியிலிருந்தே பாருங்கள். அந்த வளைவுகளுக்கு உள்ளே இருட்டு எத்தனை படியாக இறங்குகிறது என்று எண்ணிப் பாருங்கள். ‘கறுப்பு’ என்று ஒரே நிறம் இல்லை என்பது தானாக விளங்கும்.

படி 2: நாளைத் தெரிவு செய்தல்

இது நூதனசாலை போல எல்லா நாளும் காலையிலிருந்து மாலைவரை திறந்திருக்கும் இடமல்ல. கிழமையில் சில நாட்கள், சில மணித்தியாலம்தான். போன் எடுத்து நாளையும் நேரத்தையும் உறுதிசெய்த பிறகுதான் பஸ்ஸுக்கு சீற் போடவேண்டும், மாறிச் செய்யாதீர்கள். போயா நாளையும் அதற்கு முதல் நாள் இரவையும் தவிருங்கள். நீண்ட விடுமுறை வந்தால் பஸ்ஸில் சீற் கிடைப்பதே பெரும்பாடு.

படி 3: பஸ்ஸா, றெயினா?

தூரம் ஏறத்தாழ 400 கிலோமீற்றர். ஒரு பகலில் பார்த்துத் திரும்ப வேண்டுமென்றால் இரவு பஸ்தான் வசதி. இரவு ஏறினால் விடியப்புறம் கொழும்பு. றெயினில் போக விரும்பினால் இரவுச் சேவை ஓடுகிறதா என்று ஸ்டேசனில் கேட்டு முன்பதிவு செய்யுங்கள். பகல் றெயினில் போனால் பகல் வண்டியிலேயே முடிந்துவிடும்.

ஏசி பஸ்ஸில் போர்வை கொண்டுபோகாதவர் விடியும்வரை நடுங்குவார். கடைசி வரிசை சீற்றை எடுக்காதீர்கள், எவ்வளவு மலிவாகத் தந்தாலும். இடையில் தேத்தண்ணிக்கு நிற்கும்போது இறங்கி வோஷ்றூம் போய்விடுவது புத்தி, தூக்கம் கலைந்தாலும் பரவாயில்லை.

படி 4: விடியலிலிருந்து பத்து மணிவரை

பஸ்காரர் புறக்கோட்டையில் இறக்கப் பார்ப்பார்கள். காலி வீதியால் தொடர்ந்து போகிற பஸ் என்றால் வெள்ளவத்தைவரை இருங்கள். அங்கே முகம் கழுவ ஒரு சொந்தக்காரர் வீடு இல்லாத யாழ்ப்பாணத்தவர் குறைவு. ஒரே ஒரு எச்சரிக்கை: “இருந்து சாப்பிட்டிட்டுப் போங்கோவன்” என்று மாமி சொன்னால் மத்தியானச் சாப்பாட்டைத்தான் சொல்கிறார். “பின்னேரம் வாறன் மாமி” என்று இரண்டு இடியப்பத்தோடு எழும்பிவிடவேண்டும். யாரும் இல்லாவிட்டால் தமிழ்ச் சாப்பாட்டுக் கடைகளுக்குப் பஞ்சமில்லை.

அங்கிருந்து கறுவாத்தோட்டத்துக்கு ஓட்டோ போதும். போனில் செயலி மூலம் கூப்பிட்டால் பேரம் பேசும் தொல்லை இல்லை. பார்ன்ஸ் பிளேஸ், வார்ட் பிளேஸுக்குப் பக்கத்தில் என்று சொல்லுங்கள். பெரிய கட்டடத்தைத் தேடாதீர்கள். மரங்களுக்குள் பதிந்த ஓட்டு வீடு, சாரதி “இங்கயா?” என்று கேட்டால் சரியான இடத்துக்கு வந்துவிட்டீர்கள் என்றுதான் எடுக்கவேண்டும்.

படி 5: வீட்டுக்குள்

பையைப் பொறுப்பாளரிடம் எங்கே வைக்கலாம், படம் எடுக்கலாமா என்று முதலில் கேளுங்கள். எடுக்கலாம் என்றாலும் முதல் அரை மணித்தியாலம் போனைச் சட்டைப்பையில் வைத்துவிடுவது என் கட்சி.

முதல் சுற்று நிற்காமல் நடங்கள். எல்லா அறையும் ஒருமுறை. பெயர்ப் பலகை எதையும் வாசிக்கவேண்டாம். கண்ணை ஜன்னல்களுக்குக் கொடுங்கள்: எந்த அறைக்குத் தோட்டத்து வெளிச்சம் வருகிறது, எந்த மூலை மத்தியானத்திலும் மங்கலாகக் கிடக்கிறது. உருவப்படம் வரைகிறவருக்கு எதிரே இருப்பவரின் முகத்தில் ஒரு பக்கம் வெளிச்சமும் மறுபக்கம் நிழலும் வேண்டும். உங்கள் விறாந்தைக் கோடுகளை நினைவில் வைத்து, இந்த வீட்டில் நீங்கள் ஒருவரை இருத்தி வரைவதென்றால் கதிரையை எங்கே போடுவீர்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

இரண்டாம் சுற்றில் மூன்று படங்களை மட்டும் தெரிவுசெய்யுங்கள். இருநூறுக்கு மேற்பட்ட படங்கள் இருக்கிற வீட்டில் எல்லாவற்றையும் பார்ப்பவர் ஒன்றையும் பார்த்திருக்க மாட்டார்.

தெரிவுசெய்த படத்துக்கு முன்னால் நேரே நின்று பார்த்த பிறகு, சுவரோடு ஒட்டினாற்போலப் பக்கவாட்டில் போய், கன்னத்தைச் சுவர்ப்பக்கம் சரித்துப் படத்தின் மேற்பரப்பைப் பாருங்கள். கையைப் பின்னால் கட்டிக்கொள்ளுங்கள்; விரலில் இருக்கும் எண்ணெயும் வியர்வையும் நிறத்துக்குக் கூடாது. எண்ணெய் வர்ணம் என்றால் தூரிகை மயிர் இழுத்த தடங்கள் உழுத வயலின் வரம்பு போல எழும்பி நிற்பது அந்தக் கோணத்தில்தான் தெரியும். எந்த இடத்தில் கை வேகமாகப் போயிருக்கிறது, எங்கே தயங்கி இரண்டாம் முறை பூசியிருக்கிறது, எங்கே துணி தெரியும்படி விட்டிருக்கிறது என்று ஒவ்வொன்றாகப் பிடிபடும். அச்சுப் புத்தகத்திலும் போன் திரையிலும் இந்த மேடுபள்ளம் கிடைக்காது. இதற்காகத்தான் ஒரு இரவு முழுக்க பஸ்ஸில் வந்தீர்கள்.

ஆளுக்கு ஆள் வித்தியாசம் பிடிக்கச் சில அடையாளங்கள். தடித்த கருங்கோடு, பக்கவாட்டு முகமும் நேர்முகமும் ஒரே முகத்தில் கலந்து நிற்பது, பாதாம் வடிவக் கண் என்றால் பெரும்பாலும் ஜோர்ஜ் கீற் (1901–1993). வர்ணத்தை அள்ளிப் பூசி, உருவங்களைக் கூச்சமில்லாமல் கோணலாக்கியிருந்தால் தெரணியகலவா என்று பாருங்கள். ஒருகாலத்தில் பிக்குவாக இருந்த மஞ்சுசிறீ, தீவெங்கும் அலைந்து விகாரைச் சுவரோவியங்களைப் பிரதிசெய்தவர். அந்தக் கோடு அவர் சொந்தப் படங்களிலும் ஊறியிருக்கும்.

என் மனதுக்குக் கிட்டியவர் ஐவன் பீரிஸ். இங்கிலாந்தில் குடியேறி, சாகும்வரை இலங்கைக் கரையோரத்தையே வரைந்துகொண்டிருந்தவர். ஆடாத கடல், ஆடாத மரம், யாரையோ பார்த்து நிற்கும் ஆட்கள். கனடாவிலிருந்து வீடியோ கோல் எடுத்து “வீட்டு முற்றத்தைக் காட்டு” என்று கேட்கும் சித்தப்பா உள்ள எவருக்கும் அந்தப் படங்களை விளங்கப்படுத்தத் தேவையில்லை.

வெளிக்கிடமுன் தோட்டத்தில் இருந்து ஒரு படத்தை மட்டும் நினைவிலிருந்து கொப்பியில் கீறிப் பாருங்கள். பிறகு உள்ளே போய் ஒத்துப் பார்க்கலாம். எதைக் கண் விட்டுவிட்டது என்று தெரிந்தால் அந்தப் படத்தோடு இன்னும் ஒரு கால் மணித்தியாலம் தானாகப் போகும்.

படி 6: பொறளைச் சுவர்

நேரம் இருந்தால் பொறளையில் கோதமி விகாரை. ஓட்டோவில் சின்ன ஓட்டம்தான். 1939–40 இல் கீற் அங்கே சுவர்களில் புத்தரின் வாழ்க்கையை வரைந்தார். வீட்டில் சட்டத்துக்குள் பார்த்த கோடு இங்கே ஆளுயரத்துக்கு எழும்பி, உங்களைச் சுற்றி நடக்கும். எனக்கு இதுதான் நாளின் உச்சம். வீட்டைக்கூட இரண்டாம் இடத்தில்தான் வைப்பேன். வழிபாட்டுத் தலம் என்பதால் தோளும் முழங்காலும் மூடிய உடுப்பு, செருப்பும் தொப்பியும் வெளியே. புத்தர் சிலைக்கு முதுகைக் காட்டி நின்று செல்பி எடுப்பது பெரிய அவமரியாதையாக எடுக்கப்படும். பொலிஸ்வரை போன சம்பவங்கள் நாட்டில் உண்டு.

படி 7: பஸ் வரும்வரை

43 குழு தொடங்கிய லயனல் வென்டின் வீடு இன்று இல்லை. அவர் 1944 இல் இறந்த பிறகு அந்த இடத்தில் அவர் பெயரில் அரங்கு எழுந்தது. உள்ளே கண்காட்சி நடந்தால் எட்டிப் பாருங்கள். பக்கத்திலேயே ஆனந்த குமாரசுவாமி மாவத்தை, சனம் இன்னும் ‘கிறீன் பாத்’ என்றுதான் சொல்லும். அங்கே தெருவோரத்தில் படங்களை வைத்து ஓவியர்களே விற்பார்கள். விலை கேட்காமல் “இது எப்படிக் கீறினது?” என்று கேட்டால் சந்தோசமாகக் கதைப்பார்கள். நடந்து கால் களைத்துவிட்டால் விகாரமகாதேவி பூங்காவில் ஒரு வாங்கில் இருந்துவிட்டு நேரே வெள்ளவத்தைக்குப் போங்கள், மாமிக்குச் சொன்ன சொல் இருக்கிறது.

பிள்ளைகளோடு போகிறவர்களுக்கு

பத்து வயதுக்குக் கீழே என்றால் வீடும் விகாரையும் ஒரே நாளில் கூடிப்போகும். விகாரையை மட்டும் காட்டுங்கள், அங்கே கதை இருக்கிறது. சித்திர ஆசிரியர்கள் வகுப்பாகக் கூட்டிக்கொண்டு போவதானால் முதலில் கடிதம் எழுதி அனுமதி எடுங்கள். வீட்டு அறைகளுக்குள் நாற்பது பிள்ளைகளை ஒன்றாக விட முடியாது. பத்துப் பத்தாகப் பிரித்து, உள்ளே போகாத குழுவுக்குத் தோட்டத்தில் ஒரு மரத்தை வரையக் கொடுங்கள். கொப்பிகளும் பென்சில்களும் யாழ்ப்பாணத்திலேயே கட்டிக்கொண்டு போங்கள். வர்ணப் போத்தல்கள் வேண்டாம்.