"ஆண் இப்படித்தான், பெண் அப்படித்தான்": பரிணாமத்தின் பெயரால் செய்யப்படும் தவறுகள்

ஆணின் மனம் அலைபாயும், பெண் ஒருவனையே பற்றி நிற்பாள் என்ற பேச்சு பழையது. இப்போது அதன்மேல் பரிணாமம் என்ற முத்திரையும் குத்தப்பட்டிருக்கிறது. காதல், கல்யாணம், துரோகம், பிள்ளைப்பேறு என்று எதைப் பேசினாலும் "குகையில் வாழ்ந்த காலத்திலிருந்தே மனுஷன் அப்படித்தான்" என்று ஒருவர் முடித்துவைக்கிறார். எதிரே இருப்பவர் வாயடைத்துப் போகிறார். பரிணாம உயிரியலை நேசித்துப் படிப்பவன் என்ற முறையில் இது எனக்குப் பெரிய வருத்தம். அந்தத் துறை உண்மையில் கண்டு சொன்னவை இந்த ஒற்றை வரித் தீர்ப்புகளைவிட எவ்வளவோ ஆழமானவை. இணை தேடுவதிலும் பிள்ளை வளர்ப்பதிலும் மனிதர்களுக்குக் கிடைத்திருக்கும் பெரிய வரம், சூழலைப் பார்த்து நடத்தையை மாற்றிக்கொள்ளும் திறன். அதை மறந்துவிட்டுப் பேசும்போதுதான் பெரும்பாலான தவறுகள் நேர்கின்றன.

"இனம் தழைக்கத்தான்" என்று சொல்வது

மிகப் பரவலான தவறு இதுதான். உயிர்கள் தம் இனத்தைக் காப்பாற்றவே இனப்பெருக்கம் செய்கின்றன என்று பாடப்புத்தக நடையில் சொல்லிவிடுகிறோம். இயற்கைத் தேர்வு அப்படி வேலை செய்வதில்லை. ஒரு பண்பு அதை உடையவரின் சந்ததியைப் பெருக்கினால் அந்தப் பண்பு பரவுகிறது. மொத்த இனத்துக்கும் அதனால் நன்மையா கேடா என்பது அந்தக் கணக்கில் வருவதே அரிது. பரிணாம உயிரியலாளர் ஜார்ஜ் வில்லியம்ஸ் 1966இல் இதைத் தெளிவாக எழுதினார்.

1970களில் ராஜஸ்தானின் அபு மலையில் அனுமன் மந்திகளைக் கவனித்த மானுடவியலாளர் சாரா ஹர்டி கண்டதைப் பார்த்தால் இது விளங்கும். வெளியிலிருந்து வரும் ஓர் ஆண், மந்திக் கூட்டத்தின் பழைய தலைவனைத் துரத்திவிட்டு அந்த இடத்தைப் பிடிக்கிறது. பிறகு தாய்மார்களின் மடியில் இருக்கும் குட்டிகளைத் தாக்கிக் கொல்கிறது. பால் குடிக்கும் குட்டி இல்லாமல் போனதும் தாய் விரைவிலேயே மறுபடி சூல்கொள்ளத் தயாராகிறது. அடுத்த குட்டி புதிய ஆணுடையது. மந்தி இனத்துக்கு இதில் நட்டம்தான். அந்த ஒரு ஆணுக்கு மட்டும் ஆதாயம். அதுவரை பலர் இதை இட நெருக்கடியால் வந்த கோளாறு என்று நினைத்திருந்தார்கள்.

கதை அங்கே முடியவில்லை. பெண் மந்திகள் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கவில்லை. அவை கூட்டத்துக்கு வெளியே இருக்கும் ஆண்களோடும் கூடுகின்றன. ஏற்கெனவே கருவுற்றிருக்கும்போதும் கூடுகின்றன. தன் குட்டியாக இருக்கக்கூடிய ஒன்றை ஆண் தாக்குவது குறைவு என்பதால், தந்தை யார் என்ற குழப்பமே குட்டிக்குப் பாதுகாப்பாகிறது என்று ஹர்டி விளக்கினார். பெண் இயல்பிலேயே ஒதுங்கி நிற்பவள், நாணத்தோடு காத்திருப்பவள் என்று டார்வின் 1871இல் எழுதியதை இந்த மந்திகள் ஆட்டம் காண வைத்தன.

காரணத்தையும் நோக்கத்தையும் குழப்புவது

"அவர் இளம்பெண்ணை விரும்புகிறார் என்றால் அடிமனதில் நிறையப் பிள்ளைகள் வேண்டும் என்று அர்த்தம்" என்பார்கள். ஓர் உணர்வு எப்படி உருவானது என்பது ஒன்று. அந்த உணர்வு உள்ளவர் இப்போது என்ன நினைக்கிறார் என்பது வேறு. பரிணாமம் நமக்கு ஆசையையும் அன்பையும் பொறாமையையும் குழந்தையைக் கண்டால் உருகும் மனதையும் தந்திருக்கிறது. மரபணுக் கணக்கு போடும் மூளையைத் தரவில்லை. தந்திருந்தால் கருத்தடை மாத்திரையை ஒருவரும் தொட்டிருக்க மாட்டார்கள்.

இந்த உணர்வுகள் வெளியிலிருந்து வரும் சில அடையாளங்களை நம்பி இயங்குகின்றன. எட்வர்ட் வெஸ்டர்மார்க் 1891இல் சொன்ன கருத்து இதற்கு நல்ல சான்று: சின்ன வயதில் ஒரே வீட்டில் சேர்ந்து வளர்ந்தவர்களுக்கு, வளர்ந்தபின் ஒருவர் மேல் ஒருவருக்குக் காம ஈர்ப்பு வருவதில்லை. இஸ்ரேலின் கிபுட்ஸ் என்ற கூட்டுப் பண்ணைக் குடியிருப்புகளில் ரத்த உறவே இல்லாத பிள்ளைகளை ஒரே குழுவாக, ஒன்றாகத் தூங்க வைத்து வளர்த்தார்கள். அங்கே பிறந்து வளர்ந்தவர்களின் 2,769 திருமணங்களை ஜோசப் ஷெஃபர் ஆராய்ந்தபோது, ஒரே வயதுக் குழுவில் இருந்தவர்கள் மணந்துகொண்டது 14 மட்டுமே. தைவானில் முன்பு, வருங்கால மருமகளைப் பச்சைக் குழந்தையாகவே எடுத்துவந்து மகனோடு சேர்த்து வளர்க்கும் வழக்கம் இருந்தது. ஆர்தர் வுல்ஃப் திரட்டிய பதிவுகளின்படி அந்தத் தம்பதிகளுக்குப் பிள்ளைகள் குறைவு, மணமுறிவு அதிகம். இரண்டு இடத்திலும் மரபணு ரீதியாக எந்தத் தடையும் இல்லை. மனமோ "இவர் என் உடன்பிறப்பு" என்று எப்போதோ முடிவு கட்டிவிட்டது.

பழ ஈயை வைத்து மனிதனுக்குத் தீர்ப்பு எழுதுவது

ஆண் பலரை நாடுவான், பெண் பொறுக்கியெடுப்பாள் என்ற கருத்துக்கு அடித்தளமாகக் காட்டப்படும் சோதனையை இங்கிலாந்துத் தாவரவியலாளர் ஆங்கஸ் பேட்மேன் 1948இல் வெளியிட்டார். சிறு குப்பிகளில் சில ஆண் பழ ஈக்களையும் அதே எண்ணிக்கையில் பெண் ஈக்களையும் விட்டார். டி.என்.ஏ. பரிசோதனை இல்லாத காலம்; எந்தக் குஞ்சு யாருடையது என்று தெரிய வேண்டுமே. அதற்காக ஒவ்வோர் ஈக்கும் கண்ணுக்குத் தெரியும் ஒரு மரபுக் குறைபாடு இருக்கும்படி தேர்ந்தெடுத்தார்: ஒன்றுக்குச் சுருண்ட இறகு, ஒன்றுக்குச் சிறுத்த கண், இப்படி. குஞ்சின் உடலில் இருக்கும் குறைபாட்டைப் பார்த்துப் பெற்றோரைக் கண்டுபிடித்தார். பல பெண்களோடு கூடிய ஆணுக்குச் சந்ததி கூடியது, பெண்ணுக்கு அந்த அளவுக்குக் கூடவில்லை என்று முடிவு வந்தது. இது பல பத்தாண்டுகள் பாடமாக இருந்தது.

பாட்ரிஷியா கோவாட்டியும் அவருடைய குழுவும் அதே சோதனையை அதே முறையில் மறுபடி செய்து 2012இல் வெளியிட்டார்கள். தாயிடமிருந்து ஒரு குறைபாடு, தந்தையிடமிருந்து இன்னொன்று என்று இரண்டையும் சுமந்த குஞ்சுகளில் பல, எண்ணுவதற்கு முன்பே செத்துப்போயின. எஞ்சியவற்றை வைத்துப் போட்ட கணக்கு ஒருபக்கமாகச் சாய்ந்திருந்தது. பேட்மேனின் சொந்தத் தரவிலேயே தாய்மாரைவிடத் தந்தையர் பெயரில் அதிகக் குஞ்சுகள் எண்ணப்பட்டிருந்தன. ஒவ்வொரு குஞ்சுக்கும் ஒரு தாய், ஒரு தந்தை இருக்கும்போது அது நடக்கவே முடியாது. பல பத்தாண்டுகள் இதை யாரும் நின்று கவனிக்கவில்லை என்பது என்னை இன்றும் உலுக்குகிறது. முடிவு நமக்குப் பிடித்ததாக இருந்தால் கேள்வி கேட்க மறந்துவிடுகிறோம்.

இதற்காக அடிப்படைக் கருத்தையே தூக்கிப்போட வேண்டியதில்லை. சந்ததிக்காக அதிகம் செலவிடும் பால் அதிகக் கவனத்தோடு தேர்ந்தெடுக்கும் என்று ராபர்ட் ட்ரிவர்ஸ் 1972இல் சொன்னது பல உயிர்களில் பொருந்துகிறது. ஆண் சுமந்து பெறும் கடற்குதிரைகளின் உறவினங்கள் சிலவற்றில் பெண்களே ஆணுக்காகப் போட்டியிடுகின்றன. ஒன்பது மாதக் கர்ப்பமும் பாலூட்டலும் மனிதப் பெண்ணுக்குப் பெரிய செலவு என்பதில் சந்தேகமில்லை. ஆனால் மனித ஆணும் செலவிடுகிறான், அதுவும் உடலளவில். பிலிப்பைன்ஸின் செபு நகரில் 624 இளைஞர்களை 2005இலும் 2009இலும் பரிசோதித்தார்கள். தந்தையானவர்களுக்கு ஆண் ஹார்மோனான டெஸ்டோஸ்டிரோன் வெகுவாகக் குறைந்திருந்தது. தினமும் மூன்று மணி நேரத்துக்கு மேல் குழந்தையைப் பார்த்துக்கொண்டவர்களுக்கு அது இன்னும் குறைவு. தொடக்கத்தில் அந்த ஹார்மோன் அதிகமாக இருந்தவர்கள்தான் தந்தையாகும் வாய்ப்பும் அதிகம் பெற்றிருந்தார்கள். ஆக, ஒரே ஆணின் உடல் இணை தேடும் பருவத்தில் ஒரு விதமாகவும் பிள்ளை வளர்க்கும் பருவத்தில் இன்னொரு விதமாகவும் இயங்குகிறது.

சராசரியைத் தனிமனிதர் தலையில் கட்டுவது

உளவியலாளர் டேவிட் பஸ் 1989இல் வெளியிட்ட ஆய்வில் 37 பண்பாடுகளைச் சேர்ந்த பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் தங்கள் விருப்பங்களைச் சொன்னார்கள். பெண்கள் சம்பாதிக்கும் திறனுக்கும், ஆண்கள் இளமைக்கும் தோற்றத்துக்கும் சற்றுக் கூடுதல் மதிப்பெண் கொடுத்தார்கள். ஊரெல்லாம் பரவிய செய்தி இவ்வளவுதான். அதே ஆய்வில் இருபாலரும் பட்டியலின் உச்சியில் வைத்தவை அன்பும் புரிந்துகொள்ளும் குணமும் அறிவும்! இதைத் தலைப்பில் போட்டவர்கள் அரிது.

அந்த வேறுபாடு எங்கிருந்து வருகிறது என்பதில் இன்னும் விவாதம் ஓடுகிறது. பெண்களுக்குச் சம்பாத்தியமும் உரிமையும் கூடிய நாடுகளில் சில வேறுபாடுகள் சுருங்குகின்றன என்று ஆலிஸ் ஈக்லியும் வெண்டி வுட்டும் 1999இல் காட்டினார்கள். 2020இல் 45 நாடுகளில் நடத்திய ஆய்வில் வேறுபாடுகள் பரவலாகத் தென்பட்டன. சமத்துவத்தோடு தெளிவாகத் தொடர்புபட்டது பெரும்பாலும் தம்பதியரின் வயது இடைவெளிதான். இரு தரப்பிலும் சரக்கு இருக்கிறது. எப்படியிருந்தாலும் இவை கூட்டத்தின் சராசரிகள். ஆண் சராசரியாகப் பெண்ணைவிட உயரம் என்பதை வைத்து எதிரே நிற்கும் பெண்ணின் உயரத்தைச் சொல்ல முடியாது. விருப்பங்களில் ஆண் பெண் இடைவெளி அந்த உயர இடைவெளியைவிடப் பெரும்பாலும் சிறியது.

ஒரே ஒரு குரங்கைக் கண்ணாடியாக்குவது

ஆணாதிக்கம் இயற்கை என்று சொல்ல நினைப்பவர் சிம்பன்ஸியைக் காட்டுவார். எதிர்த்தரப்பு பொனோபோவைக் காட்டும். அங்கே பெண்கள் கூட்டணி சேர்ந்து ஆண்களை அடக்கிவைக்கிறார்கள். இரண்டும் நமக்கு ஒரே அளவு நெருங்கிய உறவு. எது வசதியோ அதை எடுத்துக்கொள்வது அறிவியலாகாது.

நம் உடலையே கேட்கலாம். கொரில்லா ஆண் பெண்ணைப்போல் ஏறத்தாழ இரு மடங்கு எடை. ஓர் ஆண் பல பெண்களை வைத்துக் காக்கும் வாழ்க்கை. போட்டி உடல் பலத்தில் முடிந்துவிடுவதால் அதன் விரைகள் மிகச் சிறியவை, சுமார் 30 கிராம். சிம்பன்ஸியில் ஒரு பெண் பல ஆண்களோடு கூடுவதால் போட்டி விந்தணுக்களுக்குள் நடக்கிறது. விரைகள் சுமார் 120 கிராம். மனிதனுக்கு 40 கிராம் அளவு. ஆண் பெண் எடை வித்தியாசமும் கொரில்லாவைப்போல் பெரிதல்ல. ஒருவனுக்கு ஒருத்தி என்று அழுத்திச் சொல்லவும், எல்லோருக்கும் எல்லோரும் என்று சொல்லவும் இந்த உடல் இடம் தரவில்லை.

பண்பாடுகளும் அதையே சொல்கின்றன. மானுடவியல் பதிவுகளில் உள்ள சமூகங்களில் எண்பது சதவீதத்துக்கும் மேற்பட்டவை பலதார மணத்தை அனுமதித்தன. ஆனால் அங்கேயும் பெரும்பாலான ஆண்கள் ஒரே மனைவியோடுதான் வாழ்ந்தார்கள். பெல்ஜியத்தின் ஃபிளாண்டர்ஸ் பகுதியில் பல நூற்றாண்டு வம்சாவளிகளை மரபணுவோடு ஒப்பிட்டபோது, கணவர் அல்லாத ஒருவருக்குப் பிறந்த பிள்ளைகள் ஒரு தலைமுறைக்கு ஒரு சதவீத அளவே. பத்தில் ஒன்று என்று உலவும் கதை அந்தக் கணக்கில் நிற்காது. நமீபியாவின் ஹிம்பா மக்களிடம் ப்ரூக் ஸ்கெல்சாவின் குழு 2020இல் வெளியிட்ட கணக்கோ 48 சதவீதம். அங்கே அது பெரும்பாலும் ஒளிவு மறைவு இல்லாத விஷயம். கணவர்களே அந்தப் பிள்ளைகளையும் தம் பிள்ளைகளாக வளர்க்கிறார்கள். வெனிசுவேலாவின் பாரி மக்களிடம், கர்ப்ப காலத்தில் தாயோடு கூடிய இன்னொரு ஆணும் துணைத் தந்தை. மீனும் இறைச்சியும் கொண்டுவந்து தர வேண்டியது அவர் கடமை. அப்படித் துணைத் தந்தை இருந்த பிள்ளைகளில் 80 சதவீதமும், இல்லாதவர்களில் 64 சதவீதமும் 15 வயதை எட்டினார்கள். இவர்கள் எல்லோருக்கும் பரிணாமம் தந்த உடலும் மூளையும் ஒன்றுதான்.

பழைய செய்தியை இன்னும் நம்புவது

கருமுட்டை வெளிப்படும் நாட்களில் பெண்களுக்கு முரட்டு முகங்கள் பிடிக்கும் என்று பலர் படித்திருப்பீர்கள். பின்னர் அதிகம் பேரை வைத்து, கண்டிப்பான முறையில் செய்த ஆய்வுகளில் அந்த மாற்றம் தென்படவில்லை. மற்றவரை அடக்கித் தலைமை பிடிப்பவன் என்ற "ஆல்ஃபா ஆண்" கதையும் இதே ரகம். அடைத்துவைக்கப்பட்ட ஓநாய்களைப் பார்த்து எழுந்த கருத்து அது. அதைப் பரப்பியவர்களில் ஒருவரான ஓநாய் ஆய்வாளர் டேவிட் மெக் 1999இல் திருத்தி எழுதினார். காட்டில் ஓநாய்க் கூட்டத்தை நடத்துவது பெரும்பாலும் அம்மாவும் அப்பாவும்தான்.

இயற்கை என்றால் நியாயம் என்பது, அந்தக் கோபத்தில் எல்லாவற்றையும் மறுப்பது

குட்டியைக் கொல்லும் மந்தியும் இயற்கை, தோளில் குழந்தையைத் தூங்க வைக்கும் அப்பாவும் இயற்கை. எது சரி என்று இயற்கை சொல்லித் தராது. மனைவியை அடித்ததற்குப் பொறாமை உணர்வின் வரலாறு விளக்கமாகலாம், மன்னிப்பாகாது. இதில் எனக்கு எந்தத் தயக்கமும் இல்லை.

அதே சமயம், இப்படித் தவறாகப் பயன்படுத்துகிறார்களே என்ற கோபத்தில் "எல்லாம் சமூகம் கற்றுக்கொடுத்தது, பரிணாமத்துக்கு இதில் வேலையில்லை" என்று சொல்பவர்கள் பெரிய புதையலை இழக்கிறார்கள். மாதவிடாய் நின்றபிறகும் பெண் பல பத்தாண்டுகள் வாழ்கிறாள். பாலூட்டிகளில் இது மிக அரிது, ஓர்க்கா போன்ற சில திமிங்கலங்களிடம் உண்டு. பிள்ளை பெறாத அந்த ஆண்டுகளால் என்ன பயன்? தான்சானியாவின் ஹட்ஸா மக்களிடையே கிறிஸ்டன் ஹாக்ஸ் குழந்தைகளின் எடையையும், யார் எவ்வளவு நேரம் உணவு தேடுகிறார்கள் என்பதையும் சேர்த்துப் பதிவு செய்தார். தாய் கிழங்கு தோண்டும் நேரத்துக்கு ஏற்பக் குழந்தை எடை கூடியது. அவளுக்கு அடுத்த குழந்தை பிறந்து கை கட்டப்பட்டதும், மூத்த குழந்தையின் எடை பாட்டி உணவு தேடும் நேரத்தைப் பொறுத்து மாறத் தொடங்கியது. ஆண் பெண் இருவரின் பேரமாக மட்டும் மனித இனப்பெருக்கத்தைப் படித்தால் இந்தப் பாட்டிக்கு அதில் இடமே இருக்காது.