நாய்க்குட்டியை நகவெட்டிக்கும் சீப்புக்கும் பழக்குதல்

மாந்தோப்புகளும் புதர்க்காடுகளும் நிறைந்த கிருஷ்ணகிரி மாவட்டத்தில் நாய் வளர்ப்பவர்கள், அதன் உடலைப் பேணுவதை வெறும் அழகு வேலை என்று தள்ளிவிடக் கூடாது. தோப்பில் ஆடுமாடுகளோடு திரியும் நாயின் விரலிடுக்குகளிலும் காதுமடலின் உட்புறத்திலும் உண்ணி ஏறிக்கொள்ளும்; எர்லிக்கியா, பபேசியா போன்ற கிருமிகளால் வரும் இரத்த நோய்கள் உண்ணிக் கடியால்தான் பெரும்பாலும் பரவுகின்றன. அந்த இடங்களைத் தொடவே விடாத நாயிடம் உண்ணியைத் தேடி எடுக்க இயலாது. புதியவற்றை ஏற்கும் மனம் ஏறக்குறைய 14 வார வயதுவரை குட்டிக்கு மிகுதியாக இருப்பதால், அது வீட்டுக்கு வந்த வாரத்திலேயே பழக்கத் தொடங்குங்கள்.

முதல் சில நாட்களுக்குக் கருவி எதுவும் வேண்டாம். குட்டி விளையாடிக் களைத்திருக்கும் நேரத்தில் ஒரு சாக்கின்மேல் உட்காரவைத்து, தோளை ஒரு நொடி தொட்டுவிட்டு, உப்பில்லாமல் வேகவைத்த கோழிக்கறியில் ஒரு துணுக்கைக் கொடுங்கள். தொடுதல் முதலில், தீனி பிறகு என்னும் வரிசை மாறக் கூடாது. தீனியை முன்னதாகக் காட்டினால், அதைக் கண்டாலே ஏதோ செய்யப் போகிறார்கள் என்று குட்டி ஒதுங்கத் தொடங்கிவிடும். தோளிலிருந்து முன்னங்காலுக்கும், பிறகு பாதத்துக்கும், கடைசியாக விரலிடுக்குக்கும் மெல்ல இறங்குங்கள். நாளுக்கு இருமுறை, இரண்டிரண்டு நிமிடம் போதும்.

பாதத்துக்குத்தான் அதிக நாட்கள் பிடிக்கும். என் முதல் நாயை இருவர் அமுக்கிப் பிடிக்க, நான் அவசரமாக நகம் வெட்டியதில் இரத்தம் வந்துவிட்டது; அதன்பின் என்னைக் கண்டாலே அது பாதங்களை வயிற்றுக்கடியில் மடக்கிக்கொண்டது. நகவெட்டியை முதலில் தரையில் வைத்து முகர விடுங்கள். அடுத்து, குட்டியின் அருகில் விளக்குமாற்று ஈர்க்கை அதனால் நறுக்கி, ஒவ்வொரு ‘டக்’ ஒலிக்கும் ஒரு துணுக்குக் கொடுங்கள். பிறகே நகம், அதுவும் ஒரு நாளைக்கு ஒன்று, நுனி மட்டும். வெளிர் நகத்தில் இளஞ்சிவப்பாக இரத்த நாளம் தெரியும். கரிய நகத்தைச் சிறுசிறு சீவலாக வெட்டி, வெட்டுமுகத்தின் நடுவில் கரும்புள்ளி தோன்றியதும் நிறுத்துங்கள். தவறி இரத்தம் வந்தால் மக்காச்சோள மாவை வைத்துச் சில நிமிடம் அழுத்திப் பிடிக்க வேண்டும். காலின் உட்புறத்தில் சற்று மேலே தனியாக இருக்கும், தரையில் உராயாத ஒட்டு நகம் வளைந்து சதையில் இறங்கும் என்பதால் அதை வெட்ட மறக்காதீர்கள்.

பசியில்லாதபோதும் உதட்டை நக்குதல், கொட்டாவி, முகத்தைத் திருப்புதல், உடல் விறைத்தல் ஆகியவை குட்டி அஞ்சுவதன் அடையாளங்கள். உடனே நிறுத்தி, மறுநாள் அது ஏற்றுக்கொண்ட முந்தைய படிக்குத் திரும்புங்கள். உறுமினால் அடிக்கவே கூடாது, ஏனெனில் உறுமலை அடித்து அடக்கப்பட்ட நாய் எச்சரிக்காமலே கடிக்கும்.

சீப்பையும் குளியலையும் இதே முறையில் பழக்கலாம். மனிதர் சோப்பு வேண்டாம். காதுக்குள் தண்ணீரோ பஞ்சுக்குச்சியோ போகக் கூடாது.

உண்ணி கண்ணில் பட்டால் மண்ணெண்ணெய் ஊற்றுவதும் பீடி நெருப்பால் சுடுவதும் தவறு. சாமணத்தால் தோலை ஒட்டிப் பிடித்து, முறுக்காமல் நேராக இழுத்து எடுங்கள், கையால் நசுக்காதீர்கள். விரலிடுக்கைக் காட்டப் பழகிய குட்டிக்கு இது சில நொடி வேலைதான்.