முற்றத்தில் தீ மூட்டுமுன் கல்லைப் பாருங்கள்

மார்கழி பிறந்தால் போதும், ஏலகிரி விடுதிகளில் பார்த்த கேம்ப் ஃபயர் ஆசை வேலூர் வீடுகளுக்கும் வந்துவிடுகிறது. போன வாரம் காட்பாடியில் ஒரு வீட்டில் பேவர் பிளாக் தரைமேல் நேராக விறகை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். எனக்கு வயிற்றைக் கலக்கியது. ஆறு வருடம் முன்பு நானும் இதையேதான் செய்தேன். குழந்தையைத் தள்ளி உட்காரவை, பந்தலுக்கு அடியில் கொளுத்தாதே என்பதெல்லாம் உங்களுக்கே தெரியும், விட்டுவிடுகிறேன்.

தரைமேல் நேராகத் தீ

இதை நினைத்தால் இன்றும் எரிச்சல்தான். நம் ஊரில் தீக்காயும் குளிர் வருவதே வடகிழக்குப் பருவமழையின் வால் பிடித்துத்தான். அக்டோபரிலிருந்து நனைந்த கல், மேலே வெளுத்துக் காய்ந்த மாதிரி இருக்கும், உள்ளே ஈரம். சூடு ஏறினால் அது ஆவியாகும். ஆவிக்குத் தண்ணீரைவிடச் சுமார் 1,600 மடங்கு இடம் வேண்டும். போக வழியில்லாவிட்டால் கல்லைப் பிளக்கும்.

அன்று அரைமணி நேரம் ஒன்றும் ஆகவில்லை. அப்புறம் 'டப்' என்றது. "விறகுல கணு வெடிக்குது மாமா" என்றான் சோளம் சுட்டுக்கொண்டிருந்த மைத்துனன். அடுத்த 'டப்'புக்கு எட்டணா அளவுச் சில்லு ஒன்று என் வேட்டியில் விழுந்து ஓட்டை போட்டது. விடிந்து பார்த்தால் ஏழு கல் தோலுரிந்து கிடக்கிறது. மாற்றிப் பதித்த புதுக்கல் இன்னும் நிறம் சேரவில்லை, ஒட்டுப்போட்ட சட்டை மாதிரி.

கால் வைத்த இரும்புச் சட்டி வாங்குங்கள். தரையில் இரண்டு அங்குலம் காய்ந்த மணல், அதன்மேல் செங்கல் ஒரு வரிசை, அதற்கு மேல் சட்டி. சட்டியின் அடிக்கும் செங்கல்லுக்கும் நடுவில் ஒரு சாண் காற்றோட்டம் இருக்கட்டும். கடப்பா கல் பதித்தவர்களும் தப்பவில்லை. அது ஏடு ஏடாகப் பெயரும்.

சுற்றிலும் பாலாற்றுக் கூழாங்கல்

அழகுதான். அதுவும் ஈரம் குடித்த கல், வெடிக்கும்.

பெட்ரோல்

வேண்டாம்.

கங்குச் சட்டியைப் படுக்கையறைக்குக் கொண்டுபோவது

கங்கிலிருந்து கிளம்பும் கார்பன் மோனாக்சைடு என்ற நச்சுவாயுவுக்கு வாசனை கிடையாது. தூங்கினவர் தூங்கினபடியே போய்விடுவார்.

சூட்டோடு தண்ணீர் ஊற்றுவது

செங்கல் விரிசல் விடும், கிளம்புகிற ஆவி கையைச் சுடும். கடைசி ஒரு மணி நேரம் விறகு போடாதீர்கள், தானே அடங்கும். ஆனால் சாம்பலுக்குள் கங்கு மறுநாள்வரை உயிரோடிருக்கும். காலையில் தண்ணீர் தெளித்துக் கிளறி, தகர வாளியில் அள்ளுங்கள். எங்கள் வீட்டுப் பிளாஸ்டிக் கூடைக்கு இப்போது அடியே இல்லை.