கடைப் பாக்கியைக் கோர்ட்டில் நிரூபிப்பது எப்படி?

சென்னை கோடவுன் தெருவில் மொத்த ஜவுளிக் கடை வைத்திருக்கிறீர்கள். பழைய வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டுக் கடைக்காரர் 4,80,000 ரூபாய் பாக்கி என்று வைத்துக்கொள்வோம். கேட்டால், “தர மாட்டேன்னு சொல்லலையே, அவ்வளவு வராதுங்க” என்கிறார். எவ்வளவு வரும் என்று மட்டும் சொல்ல மாட்டார். இந்த மாதிரிப் பாக்கியை வசூலிக்க என்னென்ன செய்ய வேண்டும் என்று பார்ப்போம்.

1. முதலில் நாளைப் பாருங்கள்

சரக்கு விற்ற பணத்துக்கு வழக்குப் போடக் காலக்கெடு மூன்று வருடம். கடன் தவணை எதுவும் பேசாவிட்டால் சரக்கு கொடுத்த நாளிலிருந்து கணக்கு. பில்லில் 60 நாள் தவணை போட்டிருந்தால் அது முடிந்த நாளிலிருந்து. பொதுவாக ஒவ்வொரு பில்லுக்கும் தனித்தனிக் கெடு. ‘மொத்தமா பாத்துக்கலாம்’ என்று இழுத்தால் பழைய பில்கள் ஒவ்வொன்றாகக் கழன்றுவிடும்.

கெடு முடிவதற்குள் “இவ்வளவு பாக்கி உண்டு” என்று அவர் எழுதிக் கையெழுத்துப் போட்டால், அன்றிலிருந்து புதிதாக மூன்று வருடம். ஒவ்வொரு மார்ச் முடிவிலும் பாக்கிக் கணக்கை அனுப்பி, கையெழுத்தும் கடை சீலும் வாங்கி வையுங்கள். உறவு நன்றாக இருக்கும்போதே வாங்க வேண்டிய காகிதம் இது. தகராறு வந்த பிறகு யாரும் போட மாட்டார்கள்.

2. பேரேடு மட்டும் போதாது

புதிதாக வழக்குப் போடுகிறவர்கள் பலரும் டாலி என்ற கணக்கு சாஃப்ட்வேரில் லெட்ஜரை பிரிண்ட் எடுத்துக்கொண்டு வக்கீலிடம் போகிறார்கள். ஒழுங்காக எழுதிவந்த கணக்குப் புத்தகத்தைக் கோர்ட் சாட்சியமாக ஏற்கும். ஆனால் அதை மட்டும் வைத்து ஒருவர் தலையில் கடனைக் கட்ட முடியாது. பழைய சாட்சியச் சட்டத்தின் 34-ஆம் பிரிவு இதைத்தான் சொன்னது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய சட்டத்தின் 28-ஆம் பிரிவும் அதையே சொல்கிறது. உங்கள் புத்தகத்தை எழுதியது நீங்கள்தானே!

3. பில் பில்லாகக் கோருங்கள்

நேரம் அதிகம் பிடிக்கும் வேலை இதுதான். ஒவ்வொரு பில்லுக்கும் ஆர்டர், பில், டெலிவரி சலான், சரக்கு போய்ச் சேர்ந்ததற்கு அடையாளம், வரவு எல்லாவற்றையும் ஒரே கட்டாக வையுங்கள்.

வெளியூர் சரக்கென்றால் லாரி ரசீது இருக்கும். கோடவுன் தெருவிலிருந்து வண்ணாரப்பேட்டைக்கு மீன்பாடி வண்டியில் போன பண்டலுக்கு என்ன ரசீது? சலானில் கடைப் பையன் கிறுக்கிய ஒரு கையெழுத்துதான். “அது யாருன்னே தெரியாது” என்று அவர் சொல்லிவிடலாம். அதனால் பையன் பெயர், பண்டல் எண்ணிக்கை, கடை சீல் மூன்றும் சலானில் இருக்கட்டும். முன்பு அதே பையன் கையெழுத்துப் போட்டு வாங்கிய சரக்குக்கு முதலாளி பணம் அனுப்பியிருந்தால், அந்தச் சலானையும் பேங்க் ஸ்டேட்மென்ட்டையும் சேர்த்துக் கொடுங்கள்.

என்னைக் கேட்டால் ஜிஎஸ்டி அதைவிட வலுவானது. சரக்கே வரவில்லை என்பவர், அதே பில்லைக் காட்டி உள்ளீட்டு வரி வரவு (வாங்கிய சரக்கின் ஜிஎஸ்டியைத் தான் கட்ட வேண்டிய வரியில் கழித்துக்கொள்வது) எடுத்திருந்தால் பதில் சொல்லத் திணறுவார். அவருடைய ஜிஎஸ்டி கணக்கைத் தாக்கல் செய்யும்படி உத்தரவு கேட்கச் சொல்லி வக்கீலிடம் பேசுங்கள்.

4. அவர் என்ன சொல்வார்?

“துணி டேமேஜ்” என்பார். சரக்கை வாங்கி, நியாயமான காலம் தாண்டியும் வேண்டாம் என்று சொல்லாமல் வைத்துக்கொண்டால், ஏற்றுக்கொண்டதாகவே சரக்கு விற்பனைச் சட்டம் (1930) கருதும். டேமேஜுக்குக் கழிவு கேட்கலாம், சரக்கையே மறுக்க முடியாது. திருப்பி அனுப்பியது ஏதாவது இருந்தால் நீங்களே முந்திக்கொண்டு கழித்துக் காட்டுங்கள்.

“கேஷா கொடுத்தேன்” என்றால், கொடுத்ததை அவர்தான் நிரூபிக்க வேண்டும். பொத்தாம்பொதுவாக வந்த பணத்தை எந்தப் பில்லில் வரவு வைப்பது? அவர் குறிப்பிட்டிருந்தால் அந்தப் பில்லில். அவர் சொல்லாவிட்டால் அது உங்கள் விருப்பம். இருவருமே சொல்லவில்லை என்றால் பழைய பில்லிலிருந்து கழியும்.

5. வாட்ஸ்அப்

“அண்ணே, தீபாவளி முடியட்டும், செட்டில் பண்ணிடறேன்” என்ற மெசேஜ் நல்ல சாட்சியம்தான். ஆனால் அதில் தொகை இல்லை. முழுக் கணக்கையும் அனுப்பி, அதற்குப் பதில் வாங்குங்கள். ஸ்கிரீன்ஷாட்டை மட்டும் நீட்டினால் எடுபடாது. பாரதிய சாட்சிய சட்டத்தின் 63-ஆம் பிரிவின்படி சான்றிதழ் வேண்டும். அதில் உங்கள் கையெழுத்தோடு நிபுணர் கையெழுத்தும் வேண்டும். போனை மாற்றினாலும் பழையதைத் தூக்கிப் போடாதீர்கள். காலக்கெடுவை நீட்டிக்க மட்டும் வாட்ஸ்அப்பை நம்ப வேண்டாம்.

6. நோட்டீஸ், சமரசம், வழக்கு

வக்கீல் நோட்டீஸில் பில் எண்ணும் தேதியும் வரட்டும். 3 லட்சமும் அதற்கு மேலும் இருந்தால் வணிக வழக்கு. அவசர இடைக்கால உத்தரவு கேட்காத வழக்கென்றால், சட்டப்பணிகள் ஆணைக்குழு வழியாக முதலில் சமரசத்துக்குப் போயே ஆக வேண்டும். 2022-ல் உச்ச நீதிமன்றமும் இதைக் கட்டாயம் என்றது. அவர் வராவிட்டால் அதற்கான அறிக்கையை வாங்கிக்கொண்டு வழக்குப் போடலாம். சமரசத்தில் போன நாள்கள் காலக்கெடுவில் சேராது.

கூட்டு வியாபாரம் என்றால் உங்கள் ஃபர்ம் பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள். பதிவில்லாத ஃபர்ம் இந்த வழக்கைப் போட முடியாது. கையிலுள்ள ஆவணம் அத்தனையும் வழக்கோடு சேர்த்தே தாக்கல் செய்ய வேண்டும். பிறகு ஒன்றொன்றாக எடுத்து நீட்ட வணிக நீதிமன்றம் சுலபத்தில் விடாது.

7. கூண்டில் யார் ஏறுவது?

கணக்கு எழுதியவரும் சரக்கு அனுப்பியவரும் சாட்சி சொன்னால் நல்லது. பில்லையே பார்த்திராத முதலாளி ஏறினால், எதிர்த்தரப்பு வக்கீல் பத்தே கேள்வியில் முடித்துவிடுவார். சாட்சி சொல்லப் போகிறவர் பில் கட்டை முந்தின வாரமே எடுத்துப் படித்துவிட்டுப் போகட்டும். சீல் குத்திய அசல் சலான்களையும் கையோடு கொண்டுபோங்கள்.