வானவாசிகளுக்கு ஒரு திருவிழா அமைப்பது எப்படி

கதையில் வானத்தில் வாழும் மக்களுக்குத் திருவிழா வைக்கப் போகிறீர்களா? முதலில் அவர்கள் வாழும் உயரத்தை முடிவு செய்துவிடுங்கள். நான் எப்போதும் அங்கிருந்துதான் தொடங்குவேன். சுமார் 5,500 மீட்டரில் காற்றழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் பாதிதான். தண்ணீர் ஏறக்குறைய 82 டிகிரி செல்சியஸிலேயே கொதித்துவிடும். அதனால் விருந்துக்கான தானியம் வேக வெகுநேரம் ஆகும். முந்தின இரவே உலை ஏற்றட்டும். அந்தக் காத்திருப்பில்தான் பாட்டும் சண்டையும் காதலும் தானாக வரும். எனக்கு மிகவும் பிடித்த இடம் அது.

அப்புறம் காரணம். மேகத்தில் வலை கட்டி நீர் பிடிப்பவர்கள் என்றால், ஆண்டின் முதல் ஈரமேகம் வரும் நாளே விழா. முதல் குடம் யாருக்கு என்பதைக் கட்டாயம் எழுதுங்கள். நானாக இருந்தால் பறக்க முடியாமல் போன கிழவிக்குக் கொடுப்பேன். அதை எதிர்ப்பவன் ஒருவனையும் கூட்டத்தில் நிறுத்துவேன்.